அங்கயற்கண்ணிக்கு வைத்த கண்ணி

ஜனவரி 9, செவ்வாய்

இந்த யோகோஹாமா நீச்சல் குளத்தில் என்னைவிட வேகமாக நீந்துகிற பெண் கிடையாது. பெருமைக்குச் சொல்லவில்லை. சரி, பெருமைக்குத்தான் சொல்கிறேன். நிலக்கோட்டைக் கிணற்றில் தலைகீழாகக் குதித்துப் படித்த நீச்சல் இது. இங்கே வெந்நீர்க் குளத்தில், தலையில் ரப்பர் தொப்பியோடு, கோடு போட்ட பாதையில் எறும்புபோல வரிசையாகப் போகச் சொல்கிறார்கள். அதிலும் நான்தான் முதலில் போய்ச் சேர்கிறேன்.

இன்று கரையேறும்போது ஓர் ஆள் வழிமறித்துக் குனிந்து வணக்கம் சொன்னார். நாற்பது வயது இருக்கலாம். பெயர் மிசாவா. பியானோவுக்குச் சுருதி சேர்க்கும் தொழிலாம். நாலாவது பாதையில் அவர் தத்தளித்ததை முன்பே பார்த்திருக்கிறேன், சுத்தமான கடப்பாறை நீச்சல்.

"மூன்று வாரமாக நீங்கள் நீந்துவதைப் பார்க்கிறேன். கற்றுக்கொடுப்பீர்களா என்று கேட்பது மரியாதையில்லை. இருந்தாலும் கேட்கிறேன்."

"இங்கே பயிற்சியாளர்கள் இருக்கிறார்களே?"

"அவர்கள் அழகாகப் பேசுகிறார்கள். நீங்கள் அழகாக நீந்துகிறீர்கள்."

ஆள் கெட்டிக்காரர். செவ்வாய்தோறும் அரை மணி நேரம் என்று ஒப்புக்கொண்டேன்.

இரவு சாப்பிடும்போது அத்தானிடம் சொன்னேன். காய்கறிக் கடைக்காரரோடு இரண்டு வார்த்தை கூடப் பேசினாலே முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்கிறவர், இன்று மீன் தட்டிலிருந்து தலையே நிமிர்த்தவில்லை. "சொல்லிக் குடேன். ஒனக்குத்தேன் வாத்தியார் வேலைன்னா உசுராச்சே" என்றார். மனுஷருக்குப் பெருந்தன்மை வந்துவிட்டது. ஜப்பானில் ஏழு வருடம் இருந்தால் கல்லும் கனியும் போல.

ஜனவரி 15, திங்கள்

ரைஸ் குக்கரில் பொங்கல் பொங்காது. மூடி திறந்து நானே "பொங்கலோ பொங்கல்" சொல்லிக்கொண்டேன். நான் வேலை பார்க்கும் இந்தியப் பள்ளிக்கூடத்தில் ஏழாம் வகுப்புக்குக் கணக்குப் பரீட்சை வைத்தேன்.

அத்தை போனில் கூப்பிட்டார். என் அப்பாவின் கூடப்பிறந்த தங்கை. அவர் மகனைத்தான் நான் கட்டியிருக்கிறேன் என்பதால் மாமியாரும் அவரே. அத்தானே டிக்கெட் போட்டு மார்ச் கடைசியில் வரச் சொல்லியிருக்கிறாராம்.

"என்னத்தா, செரிப்பூவோ செர்ரிப்பூவோ, அதப் பாக்க வரணும்ங்கிறான். ஏழு வருஷமா கூப்பிடாதவனுக்கு இப்ப என்ன வந்துச்சு?"

"பாசம் வந்துருச்சு அத்தை" என்றேன். எனக்கும் ஆச்சரியம்தான்.

ஜனவரி 28, ஞாயிறு

கல்யாண நாள். பதினோரு வருடம். அத்தான் வழக்கம்போல மரிக்கொழுந்து அத்தர் கொடுத்தார், வழக்கம்போல "ஒனக்குப் பிடிச்சதாச்சே" என்றார். வழக்கம்போல நானும் நன்றி சொல்லிப் பூசிக்கொண்டு, தலைவலி மாத்திரை போட்டுக்கொண்டேன். குளியலறை இழுப்பறையில் பத்து சீசா இருக்கிறது. இது பதினொன்றாவது.

மரிக்கொழுந்து பிடித்தது என் கூடப்பிறந்த வடிவு அக்காவுக்கு. அத்தானுக்கு நிச்சயம் செய்ததும் அவளைத்தான். கல்யாணத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது அவள் வங்கியில் வேலை பார்த்த பையனோடு போய்விட்டாள். மண்டபம் பிடித்தாகிவிட்டது, அவளுக்குப் பிடித்த பூவெல்லாம் சொல்லியாகிவிட்டது, பத்திரிகை அடித்தாகிவிட்டது. வடிவு என்ற பெயர்மேல் அங்கயற்கண்ணி என்று சீட்டு ஒட்டி ஊருக்குக் கொடுத்தார்கள். சீட்டு சிலதில் கோணல். மணவறையில் தலை நிறைய மரிக்கொழுந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தவள் நான். அத்தான் அன்றைக்குத் தலை நிமிர்ந்து பார்க்கவே இல்லை, வாசனையை வைத்தே ஆளை முடிவுசெய்துவிட்டார் என்று நினைக்கிறேன்.

திருத்தியிருக்கலாமே என்றால், எதற்குத் திருத்த வேண்டும்? "உனக்கு என்ன பிடிக்கும்?" என்று ஒருவர் கேட்டால் சொல்லலாம். கேட்காதவரிடம் போய் மனு கொடுக்கிற பழக்கம் எனக்குக் கிடையாது. இதில் எனக்கு வருத்தமும் கிடையாது.

சாயங்காலம் அத்தான் ஒசாகாவுக்குக் கிளம்பிவிட்டார். அங்கே கிளை அலுவலகத்தில் துறைமுகக் கிரேன் ஒன்றில் கோளாறாம். அந்தக் கிரேனுக்கு ஞாயிற்றுக்கிழமைகளில்தான் கோளாறு வருகிறது.

பிப்ரவரி 6, செவ்வாய்

மிசாவாவுக்கு மிதக்கக் கற்றுக்கொடுத்தேன். முதுகுக்குக் கீழே என் இரண்டு கையையும் கொடுத்து, "உடம்பை விடுங்கள், தண்ணீர் தாங்கும்" என்றேன்.

"தண்ணீரா, நீங்களா?"

"பேசினால் முழுகிப்போவீர்கள்."

கண்ணை மூடிக்கொண்டு படுத்தார். முதுகு விறைத்திருந்தது, பிறகு கொஞ்சம் கொஞ்சமாக என் கையில் தளர்ந்தது. ஒரு வளர்ந்த மனுஷர் தன் முழுப் பாரத்தையும் நம்பிக் கொடுப்பது எப்படி இருக்கும் என்று எனக்கு இன்றுதான் தெரிந்தது. அவர் மூச்சு விடும்போதெல்லாம் உள்ளங்கையில் தெரிந்தது. கையை எடுக்க வேண்டிய நேரத்தைத் தாண்டித்தான் எடுத்தேன். நல்ல ஆசிரியர்கள் அவசரப்பட மாட்டார்கள்.

பிப்ரவரி 13, செவ்வாய்

குளத்தில் பராமரிப்பு, விடுமுறை. வீட்டில் அலமாரி துடைத்தேன். மத்தியானம் மறுபடியும் அதே அலமாரியைத் துடைத்தேன்.

பிப்ரவரி 20, செவ்வாய்

நீந்தி முடித்து வாசலில் காபி குடித்தோம். மழை. நீச்சல் கண்ணாடி அழுத்திய தடம் என் கன்னத்தில் இருக்கிறது என்றார். எங்கே என்றேன். கட்டைவிரலால் தொட்டுக் காட்டினார். பியானோக்காரர் விரல் என்றால் எப்படி இருக்க வேண்டுமோ அப்படி இருந்தது. வீட்டுக்கு வந்து கண்ணாடியில் பார்த்தேன், தடம் ஒன்றும் இல்லை.

நிறையப் பேசிவிட்டேன் என்று நினைக்கிறேன். என் பெயருக்கு மீன் போன்ற கண் உடையவள் என்று பொருள் சொன்னேன். மதுரை மீனாட்சியின் பெயர் என்றேன். வீட்டில் கண்ணி என்று சுருக்குவார்கள் என்றதும், "கண்ணி-சான்" என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தார். பதினோரு வருடமாக "ஏய்", "இந்தா" கேட்ட காதுக்குப் புதுசாக இருந்தது. அவ்வளவுதான், வேறொன்றும் இல்லை.

மார்ச் 5, செவ்வாய்

பேனா அழுத்திப் பக்கம் கிழிந்துவிட்டது. கோபத்தால்தான்.

மிசாவா இன்று ஒரு சின்னப் பெட்டி கொண்டுவந்தார். உள்ளே பச்சை நிறக் கொழுக்கட்டை மாதிரி மோச்சி. யோமோகி என்ற தழையை அரைத்துச் செய்கிறார்கள், வசந்த காலப் பலகாரம். மூடியைத் திறந்ததும் அந்த வாசனை. மரிக்கொழுந்துக்கு ஒன்றுவிட்ட தங்கச்சி என்று சொல்லலாம். எனக்குத் தலை கிறுகிறுத்தது.

"உங்களுக்கு இந்த வாசனை பிடிக்கும் என்று தோன்றியது" என்றார். "உங்கள் ஊரிலும் இந்தக் குடும்பத்துச் செடி உண்டாமே? பெண்கள் கூந்தலில் வைப்பார்களாமே?"

யோகோஹாமாவில் பியானோவுக்குச் சுருதி சேர்க்கிற ஆளுக்கு மரிக்கொழுந்து எப்படித் தெரியும்? நான் சொல்லவில்லை. மல்லிகை என்று சொல்லியிருந்தால் நம்பியிருப்பேன், இந்தியப் பெண் என்றால் எல்லோரும் மல்லிகை என்பார்கள். எனக்கு மரிக்கொழுந்து பிடிக்கும் என்று நம்புகிறவர் உலகத்தில் ஒரே ஒருவர்தான். அவர் என் வீட்டில் சாப்பிடுகிறார்.

சிரித்துக்கொண்டே மோச்சியைத் தின்றேன். இரண்டு தின்றேன். "மிகவும் பிடிக்கும்" என்றேன்.

மார்ச் 6, புதன்

இந்த ஊரில் ஒரு தொழில் உண்டு. வகாரெசாசேயா என்பார்கள், பிரித்துவைப்பவர் என்று தமிழில் சொல்லலாம். பெண்டாட்டி வேண்டாம் என்று நினைக்கிற கணவன் ஆள் அமர்த்துவான். அந்த ஆள் தற்செயல்போல வந்து பழகி, அவளை விழவைப்பான். ஹோட்டல் வாசலில் படம் எடுப்பார்கள். பிறகு குற்றவாளி அவள்தான். பள்ளியில் ஆசிரியர் அறையில் ஒருமுறை சிரித்துச் சிரித்துப் பேசினார்கள். நானும் சிரித்தேன்.

யோசிக்க யோசிக்க எல்லாம் சரியாகப் பொருந்துகிறது. அத்தானாக என்னை வேண்டாம் என்று சொல்ல முடியாது. அண்ணன் மகளைத் தள்ளிவிட்டான் என்றால் அத்தை அவர் முகத்தில் விழிக்க மாட்டார், ஊரில் அவருக்கு ஒரு வாய்த் தண்ணீர் கிடைக்காது. நான் தப்பு செய்தால் கதை வேறு. அதற்குத்தான் மாதக் கடைசியில் அம்மாவை வரவழைக்கிறார். செர்ரிப்பூ காட்டவாம்!

என் அப்பா நிலக்கோட்டைப் பூமார்க்கெட்டில் தலை நிமிர்ந்து நடக்கிறவர். ஒரு மகள் ஓடிப்போனதற்கே ஒரு வருடம் கடைவீதிப் பக்கம் வராதவர். இன்னொரு மகள் ஹோட்டல் வாசலில் நிற்கிற படம் அவர் கைக்குப் போக வேண்டுமாம்.

அதைவிட என்னைச் சுடுவது வேறொன்று. அவளை எப்படி விழவைப்பது என்று இந்த ஆள் கேட்டிருப்பான். அத்தான் என்ன சொல்லியிருப்பார்? "பெருமை பிடிச்சவ. எதையாவது சொல்லிக்குடுக்கச் சொல்லு, தோத்துப்போறவனா போய் நில்லு" என்றுதான் சொல்லியிருப்பார். வாசனையில் கோட்டைவிட்டாலும் அதில் மட்டும் சரியாகச் சொல்லிவிட்டார்.

என் பேரிலேயே கண்ணி இருக்கிறது. எனக்கேவா?

மார்ச் 8, வெள்ளி

சந்தேகத்தின்மேல் வீடு கட்டக் கூடாது. சோதித்துப் பார்க்க வேண்டும். இரவு வெண்டைக்காய்ப் புளிக்குழம்பு வைத்தேன், அத்தானுக்குப் பிடித்தது. எனக்கு அவருக்குப் பிடித்தது எல்லாம் தெரியும்.

"அத்தான், அத்தாமின்னு கடலோரம் ஒரு ஊரு இருக்காம்ல? டிவியில காட்டுனாங்க. ஒரு நாளாச்சும் அங்க தங்கணும்னு ரொம்ப நாளா ஆச."

உண்மையில் அந்த ஊர் எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது.

"எனக்கு எங்க நேரம்?" என்றார். ஆனால் ஒரு கணம் கரண்டி நின்றது.

மார்ச் 12, செவ்வாய்

"கண்ணி-சான், அத்தாமி போயிருக்கிறீர்களா? கடலைப் பார்த்த ஒரு பழைய விடுதி எனக்குத் தெரியும்" என்றார் மிசாவா.

நான்கு நாள். ரயில்கூட இந்த ஊரில் இவ்வளவு சரியாக வருமா என்று சந்தேகம்.

வெளியே வரும்போது, எதிர்ப்பக்கம் குளிர்பான இயந்திரத்துக்குப் பின்னால் பழுப்புக் கோட்டுக்காரர் ஒருவர் நின்றார். எந்தப் பானம் என்று வெகுநேரமாகத் தேர்வு செய்துகொண்டிருந்தார். கழுத்தில் கேமரா.

ஏப்ரல் ஆறாம் தேதி, சனிக்கிழமை வரலாம் என்று சொன்னேன். மிசாவா சந்தோஷப்படவில்லை. தலையைக் குனிந்துகொண்டு துண்டை மடித்தார், மடித்ததையே பிரித்து மறுபடி மடித்தார்.

எல்லாம் தெரிந்த பிறகும் ஏன் குளத்துக்குப் போகிறாய் என்று யாராவது கேட்டால், எதிரியைக் கண்பார்வையில் வைத்திருக்கிறேன் என்று சொல்வேன்.

மார்ச் 19, செவ்வாய்

நடிப்பது என்று முடிவு செய்துவிட்டால் முழுசாக நடிக்க வேண்டும். பாதி வேஷம் போடுவது எனக்குப் பிடிக்காது.

ஆழமான பக்கம் இன்று ஆள் இல்லை. தண்ணீருக்கு அடியில் மூச்சடக்கிக் காட்டினேன். மிசாவாவும் வந்தார். அடியில் சத்தமே இல்லை. கண்ணாடியைக் கழற்றினார், நானும் கழற்றினேன். என் முகத்தை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டார். யார் முதலில் குனிந்தது என்று கேட்டால் தண்ணீருக்குள் திசை தெரியாது என்பேன். அவர் வாய் குளோரின் வாசனையும் வெதுவெதுப்புமாக இருந்தது. மார்பு வெடிக்கிற வரைக்கும் மேலே வர எனக்கு மனமில்லை. மேலே வந்தபோது காவலர் விசில் ஊதிக் கையை ஆட்டினார், நீரடியில் விளையாடக் கூடாதாம்.

இருவரும் தனித்தனிப் படியில் ஏறினோம். உடம்பு முழுக்கத் துடித்தது. குளத்துக்குள் கேமரா கொண்டுவர அனுமதி இல்லை. அது எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும்.

இதை ஒத்திகை என்று எழுதிவைக்கிறேன்.

மார்ச் 30, சனி

அத்தை வந்து இறங்கினார். சுங்குடிச் சேலைமேல் அத்தானின் தடித்த குளிர்கோட்டு, காலில் சாக்ஸ் போட்டுச் செருப்பு. பெட்டியைத் திறந்தால் பாதி பருப்புப்பொடி, பாதி வத்தல். என் முகத்தைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"என்னத்தா, ஒரு மினுமினுப்பாட்டம் இருக்க? நீச்சல் அடிச்சா இப்பிடியா ஆவாக?"

அத்தான் அடுத்த வெள்ளி முதல் ஞாயிறு வரை ஒசாகா போக வேண்டியிருக்கிறது என்றார். "அம்மாவப் பக்கத்து வீட்டு மிசஸ் ஓனோ பாத்துக்குவாக. ஒனக்கு வேல இருந்தா நீ பாரு" என்றார். எவ்வளவு கரிசனம்! பதினோரு வருடத்தில் எனக்கு வேலை இருக்கும் என்று அவருக்குத் தோன்றியது இதுதான் முதல் தடவை.

ஏப்ரல் 6, சனி

விரிவாக எழுத வேண்டும்.

காலையில் அத்தையிடம் "கடல் பாக்கப் போவமா?" என்றேன். ரயிலில் ஜன்னல் பக்கம் உட்காரவைத்தேன். வழியெல்லாம் செர்ரி பூத்திருந்தது. "பூ நல்லாத்தேன் இருக்கு, வாசன இல்லையே" என்றார். பாதி வழியில் சொன்னேன்.

"அத்தை, அங்க ஒருத்தர் வருவாரு. எனக்கு நீச்சல்ல பழக்கம். அவர்ட்ட நீங்க என்ன வேணாலும் கேளுங்க. நீங்க கேக்குறத அவருக்கும், அவர் சொல்றத ஒங்களுக்கும் ஒரு எழுத்து மாத்தாம சொல்லுவேன்."

அத்தை என்னை நிமிர்ந்து பார்த்தார். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டார்.

விடுதியின் முன்கூடத்தில் கண்ணாடிச் சுவர், அதற்கப்பால் கடல். மிசாவா கறுப்புக் கோட்டில் உட்கார்ந்திருந்தார். தனியாக வருவேன் என்று எதிர்பார்த்தவர், சுங்குடிச் சேலையைப் பார்த்ததும் எழுந்து நின்றுவிட்டார். அறிமுகப்படுத்தினேன். என் அத்தை, என் கணவரின் தாயார். அவர் வணங்கியபோது நிமிர வெகுநேரம் ஆனது.

பச்சைத் தேநீர் வந்தது. அத்தை ஒரு வாய் குடித்துவிட்டுக் கிண்ணத்தைத் தள்ளிவைத்தார்.

"தம்பிக்கு என்ன வேல?"

ஜப்பானிய மொழியில் கேட்டேன். கூடவே சொன்னேன்: "பியானோ என்று நீங்கள் சொன்னால் பியானோ என்றே மொழிபெயர்ப்பேன். ஆனால் மார்ச் ஐந்தாம் தேதியிலிருந்து எனக்குத் தெரியும்."

அவர் கிண்ணத்தைக் கீழே வைத்தார். என்னைப் பார்த்தார், அத்தையைப் பார்த்தார், கண்ணாடிக்கு வெளியே பார்த்தார். அங்கே சாலைக்கு அப்பால் பழுப்புக் கோட்டு நின்றது. அவர் மட்டும் பியானோ என்றிருந்தால் என் கதை அங்கேயே முடிந்திருக்கும். கள்ளக்காதலனை மாமியாருக்கே அறிமுகம் செய்துவைத்தவள் என்று ஊர் சொல்லும்.

"கணவன் மனைவியைப் பிரித்துவைப்பது என் தொழில்" என்றார்.

ஒரு எழுத்து மாற்றாமல் சொன்னேன்.

"இப்பிடியும் ஒரு பொழப்பா?" என்றார் அத்தை. "யாரு சொல்லிப் பிரிப்பாரு?"

"அந்த இருவரில் ஒருவர் கேட்டுக்கொள்வார்."

"இவளப் பிரிக்கச் சொல்லி யாரு கேட்டா?"

மிசாவா கையை முழங்கால்மேல் வைத்துக்கொண்டார். "வாடிக்கையாளரின் பெயரைச் சொல்ல எனக்கு அனுமதி இல்லை. ஆனால் அவருடைய அம்மா எதிரில் இருக்கும்போது பொய் சொல்லவும் எனக்கு வரவில்லை."

அவருடைய அம்மா என்ற இடத்தில் என் நாக்கு ஒட்டிக்கொண்டது. விழுங்கிவிட்டுச் சொன்னேன்.

அத்தை கடலைப் பார்த்தார். கத்துவார் என்று நினைத்தேன், நெஞ்சில் அடித்துக்கொள்வார் என்று பயந்தேன். பிறகு என்னிடம், மெதுவாக:

"வடிவு போனதுமே அவன் சொன்னான்த்தா, 'நிறுத்திருங்கம்மா'ன்னு. மண்டபம் புடிச்சாச்சு, கல்யாணம் நின்னா எங்கண்ணன் நாண்டுக்குவானோன்னு நாந்தேன் ஒன்னயக் கொண்டாந்து மணையில ஒக்கார வச்சேன். அவனயும் கேக்கல. ஒன்னயும் கேக்கல. ரெண்டு பேத்தயும் சேத்து மாட்டிவிட்டது நாந்தேன்."

அங்கயற்கண்ணிக்குக் கண்ணி வைத்தவர்கள் வரிசை நீண்டுகொண்டே போகிறது. இதை நான் மொழிபெயர்க்கவில்லை. மிசாவாவும் கேட்கவில்லை.

அத்தை மூக்கைச் சிந்திவிட்டு ஜன்னல் பக்கம் கையைக் காட்டினார். "அந்தா நிக்கிறானே கேமராக்காரன், அவனும் இவரு ஆளா?"

"ஆமா அத்தை."

"போட்டோ எங்க போவும்?"

"அத்தானுக்கு."

"நல்லதாப் போச்சு." எழுந்து வந்தார். எனக்கும் மிசாவாவுக்கும் நடுவில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். குளிர்கோட்டைக் கழற்றிச் சேலையைச் சரிசெய்தார், ஒரு கையை என் தோளில் போட்டார். "எடுக்கச் சொல்லு. நல்லா வெளிச்சத்துல எடுக்கச் சொல்லு."

மிசாவா கண்ணாடிக்கு வெளியே பார்த்துத் தலையசைத்தார். பழுப்புக் கோட்டுக்காரர் குழம்பிப்போய்க் கேமராவை இறக்கினார், பிறகு தூக்கினார். என் வாழ்க்கையில் இவ்வளவு நிமிர்ந்து ஒரு படத்துக்கு நான் உட்கார்ந்ததில்லை. கல்யாணப் படத்தில்கூட இல்லை.

பிறகு அத்தை வாசலில் இருந்த வெந்நீர்த் தொட்டியில் கால் நனைக்கப் போனார். நாங்கள் இருவரும் இருந்தோம்.

"ஒன்று கேட்க வேண்டும்" என்றேன். "நீச்சல் உங்களுக்கு முன்பே தெரியுமா?"

அவர் முகம் சிவந்தது. "மீனவர் வீடு எங்களுடையது. பள்ளியில் மாநிலப் போட்டியில் முதல் பரிசு."

எல்லாவற்றையும் பொறுத்தேன். இதைத்தான் பொறுக்க முடியவில்லை. "முட்டாள்!" என்று தமிழில் திட்டினேன். யாரை என்று எனக்கே தெரியவில்லை.

"மார்ச் ஐந்திலிருந்து தெரியும் என்றீர்கள்" என்றார் அவர். "அப்படியென்றால் பத்தொன்பதாம் தேதி?"

"ஒத்திகை."

"அங்கே கேமரா இல்லையே, கண்ணி-சான். யாருக்குக் காட்ட ஒத்திகை?"

பதில் சொன்னேன். தமிழில் சொன்னேன். அதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டார். இன்றைக்கு மொழிபெயர்ப்பு முடிந்துவிட்டது என்று எழுந்தேன்.

"நானும் ஒன்று சொல்ல வேண்டும்" என்றார். "ஒவ்வொரு செவ்வாயும் நடந்ததை எழுதி அலுவலகத்தில் கொடுக்க வேண்டும். அன்றைக்கு மட்டும், நீங்கள் வரவில்லை என்று எழுதிக்கொடுத்தேன்."

மிசாவா என்பது அவருடைய உண்மையான பெயர் அல்ல. உண்மைப் பெயரைச் சொன்னார். அதை இங்கே எழுத மாட்டேன்.

ஏப்ரல் 7, ஞாயிறு

அத்தான் மத்தியானமே வந்துவிட்டார். ஒசாகா கிரேன் அவ்வளவு சீக்கிரம் சரியாகிவிட்டது. வாசலில் ஷூவைக் கழற்றிக்கொண்டு, உள்ளே வராமல் நின்றார். கையில் போன்.

"போட்டோ வந்துச்சா?" என்றார் அத்தை, வத்தலைக் கிள்ளிக்கொண்டே. "நான் நல்லா விழுந்திருக்கேனா?"

அத்தான் சுவரில் சாய்ந்துவிட்டார். "எப்பிடிக் கண்டுபிடிச்ச?" என்று என்னைக் கேட்டார்.

"ஒங்க ஆளு கொண்டாந்த வாசன எனக்குப் பிடிக்காதுத்தான். என்னைக்குமே பிடிச்சதில்ல. அது வடிவு அக்காவுக்குப் பிடிச்சது."

அவர் முகத்தில் ரத்தம் இறங்குவதைப் பார்த்தேன். சந்தோஷமாக இருக்கும் என்று நினைத்திருந்தேன், அவ்வளவாக இல்லை.

"என்னய வேணாம்னா சொல்லிருக்கலாம்த்தான். பெட்டியத் தூக்கிட்டு நானே போயிருப்பேன். ஆள் வச்சா தள்ளணும்?"

"நீ போயிருப்ப. இவுக விட்டிருப்பாகளா?" அம்மாவைக் காட்டினார். "நீ தப்புப் பண்ணாத்தேன் எனக்கு விடுதல. தப்பே பண்ண மாட்டியே நீ! பதினோரு வருஷத்துல ஒரு நாளாச்சும் 'ஏந்த்தான் இப்பிடி இருக்கீக'ன்னு கேட்டிருக்கியா? ராணியாட்டம்ல இருந்த!"

திட்டுவதாக நினைத்துத்தான் சொன்னார். நான் அப்படி எடுத்துக்கொள்ளவில்லை.

ஒசாகா கிரேனைப் பற்றி அத்தையிடம் நேற்றுத் திரும்பும் ரயிலிலேயே சொல்லியிருந்தேன். அத்தை போனை எடுத்து ஊருக்குப் போட்டார், ஸ்பீக்கரில். அப்பா "என்னம்மா?" என்றார்.

"அண்ணே, எம்மகனுக்கு இவகூட வாழப் பிடிக்கல. வேற எடத்துல பிடிமானம் ஆயிருச்சு. தப்பு அவன்மேலயும் எம்மேலயும்தேன். ஒம்மக மேல ஒரு சொல்லு யாரும் சொல்லப்படாது, சொன்னா நான் அங்க வந்து அவிங்கள நாக்கப் புடுங்கிக்கிற மாதிரி கேப்பேன். அவ தல நிமிந்துதேன் இருக்கா."

அப்பா, "அவட்ட குடு" என்றார். "கண்ணி, சாப்டியாத்தா?" என்று மட்டும் கேட்டார். சாப்பிட்டேன் என்றேன்.

அத்தை என்னைத் தன்னோடு ஊருக்கு வரச் சொன்னார். மாட்டேன் என்றேன். பள்ளியில் என்னை வைத்துக்கொள்கிறார்கள், விசாவுக்கும் அவர்களே எழுதிக்கொடுப்பார்கள், ஆசிரியர் விடுதியில் ஓர் அறை காலியாக இருக்கிறது. இதெல்லாம் மார்ச் மாதமே பேசி முடித்துவிட்டேன். அத்தானுக்குத் தெரியாது. அவரும் கேட்கவில்லையே.

ஏப்ரல் 9, செவ்வாய்

புது அறை. கிழக்குப் பார்த்த ஜன்னல், ஒரே ஓர் அடுப்பு. ரசம் வைத்தேன், நன்றாக வந்தது. ஏழாம் வகுப்புக்குப் பின்னங்கள் ஆரம்பித்தேன்.

குளத்துக்குப் போகவில்லை. அவர் வந்து காத்திருந்தால் இருக்கட்டும் என்று நினைத்தேன். பிறகு, வராமலே இருந்தால் என்ன செய்வது என்று நினைத்தேன். அதற்குமேல் ரசம் இறங்கவில்லை.

அழுதேன். அத்தானுக்காக அல்ல. பின்னால் நானே இல்லை என்று சாதித்துவிடுவேன் என்பதால், தேதி போட்டு எழுதிவைக்கிறேன்.